ஒருவர் உபரி

பெரிய கணக்கு டீச்சர் ஆசிரியர் அறைக்குள் நுழைந்தபோது ஒருத்தரும் நிமிர்ந்து பார்க்கவில்லை. அறிவியல் சார் விடைத்தாள் கட்டுக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டார். கேஸில் தோற்றவர்களுக்குக்கூட இதைவிட நல்ல வரவேற்பு கிடைத்திருக்கும்.

டீச்சர் தோற்கவில்லை. பழைய பள்ளிக்கே திரும்பலாம் என்ற தீர்ப்பு கைப்பையில் இருந்தது. வயிற்றெரிச்சல் பிடித்தவர்கள் என்று நினைத்துக்கொண்டார், கோபப்படக்கூடத் தெம்பில்லை.

இரண்டு வருஷம் முன்பு, பள்ளியில் பிள்ளைகள் குறைந்துவிட்டார்கள், இரண்டு கணக்கு டீச்சர்களில் ஒருவர் உபரி என்று கல்வி அலுவலகம் கண்டுபிடித்தது. பணிமூப்புப் பட்டியலில் டீச்சர் முதன்முதலில் வேலையில் சேர்ந்த தேதிக்குப் பதிலாக இந்தப் பள்ளிக்கு வந்த தேதியை எழுதி, அவரையே இளையவராக்கி, மூன்று பஸ் மாறிப் போகிற ஊருக்குத் தூக்கிப் போட்டது. அந்த ஒரு தேதிக்காக வாய்தா மேல் வாய்தா. கோர்ட் படியேறி முழங்கால் தேய்ந்ததுதான் மிச்சம்.

துணைக்கு நின்றவள் சின்னக் கணக்கு டீச்சர் ஒருத்திதான். பழைய பதிவேடுகளைத் தூசி தட்டி, சரியான தேதி இருந்த பக்கத்தை நகலெடுத்துக் கொடுத்ததே அவள்தான். கூடப் பிறந்தவள்கூட இவ்வளவு செய்ய மாட்டாள்.

இப்போது அவள் ஜன்னலோர மேசையின் இழுப்பறையைக் காலி செய்துகொண்டிருந்தாள். முன்பு அது டீச்சருடைய இடம்.

"எதுக்கும்மா இதெல்லாம்? நீயே இங்க உக்காரு. எனக்கு கால நீட்ட ஒரு மூலை கெடச்சா போதும்."

"இல்லக்கா. உங்க எடம் உங்களுக்கே இருக்கட்டும்."

டீச்சர் நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்தார். "ரிட்டயர் ஆகப்போற வயசுல கேஸ் ஒரு கேடான்னு வீட்டுக்காரர் திட்டிக்கிட்டே இருந்தார். நீ மட்டும் அந்தப் பக்கத்தைத் தேடித் தரலைன்னா, இன்னிக்கும் பஸ்ஸுலதான் தொங்கிட்டிருப்பேன்."

சின்னவள் சிரிக்கப் பார்த்தாள், வரவில்லை. கண்கள் சிவந்திருந்தன.

"ஏம்மா, ராத்திரி தூங்கலையா?"

"குழந்தைய எங்க விடறதுன்னே யோசனைக்கா. அஞ்சரை மணிக்கு எந்தக் காப்பகமும் தொறக்க மாட்டாங்களாம்."

"அஞ்சரைக்கா? எதுக்கு அவ்வளவு சீக்கிரம்?"

அவள் ஒரு தாளை நீட்டினாள். நேற்றுதான் வந்திருந்தது, மை வாசனைகூடப் போகவில்லை. மூன்று பஸ் மாறிப் போகிற அதே பள்ளியின் பெயர். மேலே அவள் பெயர்.

டீச்சருக்கு எழுத்துகள் கலங்கின. "தேதிய சரி பண்ணா இப்படி ஆகும்னு உனக்குத் தெரியாதா?"

"தேதி தப்பா இருந்துச்சு. தப்புன்னு சொன்னேன். ரெண்டு பேரையும் வச்சுக்குவாங்கன்னு நெனச்சேன்."

சின்னவள் இழுப்பறையைச் சத்தம் வராமல் மூடினாள்.

"உங்க வக்கீல் எனக்கும் வாதாடுவாராக்கா?"