மூலையில் ஒரு பெயர்

“அந்தப் பேர மட்டும் அழிச்சிரும்மா” என்றார் நவநீதகிருஷ்ணன்.

திரையில் மாரிச்செல்வி வடிவமைத்த பாக்கெட் மெல்லச் சுழன்றுகொண்டிருந்தது. காயத்தின்மீது வைக்கும் காஸ் துணிக்கான உறை அது. வெள்ளை நிறம், ஓரத்தில் ஒரேயொரு பச்சைக் கோடு. பின்பக்கம் திரும்பும்போதெல்லாம், கீழ்மூலையின் சின்னஞ்சிறு வரியொன்றில் அவளுடைய பெயர் தோன்றி மறைந்தது.

டிஜிட்டல் ஊடக வடிவமைப்புப் பட்டத்தின் இறுதித் தேர்வு அன்று.

வெளித்தேர்வாளராக வந்திருந்த நவநீதகிருஷ்ணன், இராஜபாளையத்தில் பேண்டேஜ் கம்பெனி நடத்துபவர். அவருடைய கம்பெனித் துணிக்குப் புதிய உறை வடிவமைப்பதே மாணவர்களுக்கு அளிக்கப்பட்ட பணி. அவர் கையொப்பமிடாவிட்டால் பட்டம் இல்லை.

கொண்டுவந்திருந்த பாக்கெட் ஒன்றைப் பிரித்து, உள்ளிருந்த துணியைக் காலையிலிருந்து மூன்று முறை உயர்த்திக் காட்டிவிட்டார்.

“மடிப்பப் பாருங்க. ஒத்தப் பிசிறு வெளிய தெரியுதா? எல்லாரும் வலப்பக்கம் செருகுவாக. இது இடப்பக்கம் செருகினது. இந்த மடிப்பக் கேட்டே வெளிநாட்டுலயிருந்து ஆர்டர் வருது. உள்ள இருக்கது தங்கம், உறைதான் பித்தளை.”

மாரிச்செல்வியின் உறை அவருக்குப் பிடித்திருந்தது. பெயர்தான் பிடிக்கவில்லை.

“டிசைன் பண்ணவ பேர யாராச்சும் பாக்கெட்டுல போடுவாகளா? ஆண்டாள் தேர இழுத்தவனெல்லாம் தேர்ல பேர எழுதுனா, தேரு தாங்குமா தாயி?”

பின்வரிசையில் சிரிப்பொலி எழுந்தது.

பேராசிரியை ஜெபா கண்களாலேயே அவளைக் கெஞ்சினார். ஒரு வரிதானே, அழித்துவிடேன்.

“அழிக்க மாட்டேன் சார்.”

சிரிப்பு நின்றது.

“அழிச்சா இந்த உறை நாளைக்கே பிரிண்டுக்குப் போகும். அழிக்கலன்னா நான் கையெழுத்துப் போட மாட்டேன். மம்சாபுரம் கிராமத்துப் பிள்ளைக்கு இம்புட்டு வீம்பு ஆகாது.”

அவர் அந்த வரியை முழுவதும் படிக்கவில்லை என்பது அவளுக்கு அப்பொழுதுதான் புரிந்தது.

இடக்கையில் பிடித்திருந்த மின்பேனாவால் அவ்வரியைத் தொட்டுப் பெரிதாக்கினாள். எழுத்துகள் திரையை நிறைத்தன.

மடித்தவர்: மாரிச்செல்வி.

நவநீதகிருஷ்ணன் மூக்குக்கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டார்.

“வடிவமைத்தவர்னுல்ல இருக்கணும்? தப்பா அடிச்சிருக்கியேம்மா.”

“தப்பில்ல சார். சரியாத்தான் அடிச்சிருக்கேன்.”

அவள் எழுந்து வந்தாள். மேசைமீதிருந்த துணியை எடுத்து ஒரே உதறாக உதறினாள். அவர் காலையிலிருந்து போற்றிய மடிப்புகள் அனைத்தும் குலைந்து, துணி அவள் கையினின்று வெறுமனே தொங்கியது.

“ஏம்மா!” என்று அவர் நாற்காலியைவிட்டுப் பாதி எழுந்தார்.

அவள் துணியைப் பார்க்கவில்லை, அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். விரல்கள் தம் வேலையைத் தாமே செய்தன. வெட்டிய ஓரங்கள் உள்ளே சென்றன. இரண்டு நான்காயிற்று, நான்கு எட்டாயிற்று. கட்டைவிரல் ஒருமுறை அழுத்தி நீவியது. கடைசி முனையை இடக்கை, இடப்பக்கமாகச் செருகியது.

எடுத்த இடத்திலேயே அதனை வைத்தாள்.

ஒரு பிசிறும் தெரியவில்லை. அது முன்பு இருந்தபடியே இருந்தது.

அவர் அதனைத் தொடவில்லை. நெடுநேரம் அந்த இடப்பக்க முனையையே நோக்கியிருந்தார். பிறகு அவளுடைய விரல்களை நோக்கினார்.

“நீ... நம்ம கம்பெனியிலயா?”

“ஃபர்ஸ்ட் இயர்ல இருந்து சார். ஞாயித்துக்கிழமையும் லீவு நாளும் வாரேன். இந்த இடப்பக்கச் செருகல் அங்க நான் பழக்கிவிட்டது. நீங்க ஒரு நாளாச்சும் மடிப்புக் கூடத்துக்கு வந்திருந்தா பாத்திருப்பீக.”



மாரிச்செல்வி மதிப்பெண் தாளை அவர்முன் நகர்த்தினாள். அதன்மேல் பேனாவைத் திறந்து வைத்தாள்.

“என் பேரு அங்கயே இருக்கட்டும். நீங்க உங்க பேரப் போடுங்க சார்.”