காலித் தட்டு

கையும் களவுமாகப் பிடித்துவிட்டேன், என் நாத்தனாரை.

சர்ச்சின் பின்பக்கச் சமையலறையில் காலி முட்டைத் தட்டைக் கவிழ்த்துப் பிடித்தபடி நின்றாள் நெல்டா. அவள் விரல் நுனியில் ஒரு துண்டு டேப். அதில் என் பெயர், 'ஆர்லீன்'.

"என்னடி பண்றே?"

தூக்கிவாரிப் போட்டது அவளுக்கு. "ஒண்ணுமில்ல அண்ணி..."

"ஒண்ணுமில்லையா? என் பேரை உரிச்சிட்டு உன் பேரை ஒட்டப் பார்க்கிறியா?"

எங்கள் அலபாமா சர்ச்சில் மாதம் ஒரு ஞாயிறு எல்லோரும் ஆளுக்கொரு பதார்த்தம் கொண்டுபோய்ச் சேர்ந்து சாப்பிடுவோம். தட்டு மாறிவிடாமலிருக்க அடியில் டேப்பில் பெயர் எழுதி ஒட்டுவோம். யார் தட்டு காலியாகத் திரும்புகிறதோ, அந்த மாதம் முழுக்க அவள் கைமணம்தான் பேச்சு.

நானும் நெல்டாவும் கொண்டுபோவது ஒன்றேதான். இனிப்பு டெவில்ட் எக். அவித்த முட்டையைப் பாதியாக வெட்டி, மஞ்சள் கருவோடு மயோனைஸ், கடுகு விழுது, பொடியாக நறுக்கிய இனிப்பு ஊறுகாய், சர்க்கரை எல்லாம் பிசைந்து, மறுபடி குழியில் நிரப்ப வேண்டும். ரெண்டு பேருக்கும் கற்றுக்கொடுத்தது என் மாமியார். இருபத்துநாலு குழி வைத்த கண்ணாடித் தட்டும் அவர் வாங்கித் தந்த ஜோடிதான். டேப் இல்லையென்றால் எது யாருடையது என்று எங்களுக்கே தெரியாது.

இதில் ஒரு கூத்து. நான் முட்டையை வாயில் வைக்க மாட்டேன், சின்ன வயதிலிருந்தே ஆகாது. நான் பிசைவேன். என் வீட்டுக்காரர் வெர்னன் விரலால் தொட்டு நக்கிப் பார்த்துச் சர்க்கரை போடுவார். "இப்ப சரி, போதும்" என்பார்.

அவர் போய் ரெண்டு வருஷம் ஆகிறது.

முதல் தடவை தனியாகச் செய்தபோது ருசி பார்த்துச் சொல்ல ஆள் இல்லை. கண் திட்டமாகச் சர்க்கரையைப் போட்டுக் கொண்டுபோனேன். தட்டு காலியாக வந்தது! காரில் உட்கார்ந்து ஓவென்று அழுதேன். 'பார்த்தீங்களா, நீங்க இல்லாமலும் சமாளிச்சிட்டேன்' என்று அவரிடம் சொல்லிக்கொண்டேன்.

அதிலிருந்து ஒவ்வொரு மாதமும் என் தட்டு காலி. நெல்டாவின் தட்டுதான் அப்படியே நிறைந்து திரும்பும். என் வாய் சும்மா இருக்குமா?

"உன் முட்டையை நாய்கூட மோந்து பார்த்துட்டுப் போயிடும்டி" என்பேன், நாலு பேர் முன்னால். அவள் சிரித்துவிட்டுப் போய்விடுவாள்.

பொறாமை தாங்காமல் இன்று தட்டிலேயே கை வைத்துவிட்டாள்!

சத்தம் கேட்டுப் பெண்கள் கூடிவிட்டார்கள். பாஸ்டர் மனைவி கரோலின் என் தோளைத் தொட்டாள். "ஆர்லீன், விஷயம் என்னன்னா..."

"வேண்டாம் கரோலின்" என்றாள் நெல்டா.

"ஏன் வேண்டாம்? எல்லாருக்கும் தெரியட்டும்! கர்த்தர் வீட்டிலேயே திருட்டு! நல்லவேளை, இதைப் பார்க்க உங்க அண்ணன் உயிரோட இல்லை!"

நெல்டாவின் முகம் செத்துவிட்டது. காலித் தட்டை என் கையில் கொடுத்தாள். நிறைந்திருந்த தட்டைத் தூக்கிக்கொண்டு, யாரையும் பார்க்காமல் வெளியே போனாள்.

அடுத்த மாதம் அவள் வரவில்லை.

நான் முட்டை கொண்டுபோனேன். எல்லோருக்கும் ஐஸ் டீ ஊற்றிவிட்டு வந்து பார்த்தால், தட்டில் இருபத்துமூன்று முட்டை அப்படியே இருந்தது. ஒன்று பாதி கடிபட்டு, பேப்பர் நாப்கினில் சுருட்டிக் கிடந்தது.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "என்ன கரோலின், எல்லாரும் அவ பக்கம் சேர்ந்துட்டீங்களா? அவளுக்காக என் முட்டையைத் தொடக்கூட மாட்டீங்களா?"

கரோலின் தட்டை என் முன்னால் நகர்த்தினாள். "ஒண்ணு எடுத்துச் சாப்பிடு."

"நான் முட்டை சாப்பிட மாட்டேன்னு உனக்குத் தெரியாதா?"

"இன்னிக்கு ஒரு வாய் சாப்பிடு, ஆர்லீன்."

வீம்புக்கு வாயில் போட்டேன். முட்டை எனக்கு ஆகாது, சரி. ஆனால் இது முட்டையே இல்லை. பல் கூசுகிற சர்க்கரைப் பாகு. துப்பிவிட்டேன்.

"அப்போ... ரெண்டு வருஷமா என் தட்டு காலியா வந்துச்சே?"

"காலியானது நெல்டா தட்டு. சாப்பாடு முடிஞ்சதும் அதில் உன் பேரை ஒட்டுவா. நீ செஞ்சதைத் தன் பேரில் வீட்டுக்கு எடுத்துட்டுப் போவா. எங்களையும் வாயைத் திறக்க விடலை."

நாய்கூடத் தின்னாது என்றேனே, அது என் முட்டை.

தட்டோடு நேரே நெல்டா வீட்டுக்குப் போனேன். அவள் கார் நின்றிருந்தது. உள்ளே டிவி சத்தம். அழைப்புமணி அடித்ததும் சத்தம் நின்றது. கதவு திறக்கவில்லை.

"நெல்டா, அண்ணிடி. தட்டு நிறைஞ்சே திரும்பிடுச்சு" என்றேன் கதவைப் பார்த்து. நாற்பது பேர் முன்னால் திருடி என்று கத்தின வாய்க்கு, மன்னிச்சிடு என்று ஒரு வார்த்தை வரவில்லை. தட்டைப் படியில் வைத்துவிட்டு வந்துவிட்டேன்.

மறுநாள் காலை என் வாசலில் தட்டு இருந்தது. சீட்டு இல்லை, ஒரு வார்த்தை இல்லை. கழுவித் துடைத்த காலித் தட்டு.

திருப்பிப் பார்த்தேன். அடியில் புது டேப் ஒட்டியிருந்தது. நெல்டாவின் கையெழுத்தில், 'ஆர்லீன்'.