நின்றுபோன மிக்ஸி

உடம்புச் சூட்டில்தான் வீட்டுக்கு வீடு விளக்கெரிந்தது. படுக்கை விரிப்பில் ஆள் படுத்தால் போதும், விரிப்பு அந்தச் சூட்டை மின்சாரமாக்கி அறைக்கு வெளிச்சம் தந்துவிடும். மிஞ்சிய மின்சாரம் பக்கத்து வீட்டுக்குப் போகும்.

செண்பகாவின் வீட்டு விளக்கோ நேற்றிலிருந்து கண்ணைக் கூசவைத்தது. கணவன் இளவழகனுக்குக் காய்ச்சல். எந்த மாத்திரைக்கும் இறங்கவில்லை. அவன் நெற்றியில் ஈரத்துணியை மாற்றிப் போட்டபடி, அந்த வெளிச்சம் குறையாதா என்று பார்த்துக்கொண்டே இருந்தாள்.

பக்கத்து வீட்டு ரஹ்மத் அக்கா விவரம் தெரியாமல் வாசலில் வந்து நின்றார். "ஏன்டி, உங்க வீட்டுலேருந்து கரண்ட் கொட்டுதே! என் மிக்ஸியே ஓடுது. புருஷனுக்கு அப்படி என்னத்த ஆக்கிப் போடுறே?"

"காய்ச்சல் அக்கா." செண்பகா துணியை மறுபடி நனைத்துப் பிழிந்தாள்.

அக்காவின் முகம் வாடிவிட்டது. "அல்லாவே! இரு, தம்பி வாய்க்கு இதமா புதினாத் துவையல் அரைச்சுட்டு வர்றேன்."

சுவருக்கு அப்பால் மிக்ஸி இரைந்தது. செண்பகா கணவனின் கையைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தாள். கொஞ்ச நேரத்தில் அந்த இரைச்சல் தேய்ந்து, இழுத்து, நின்றேபோனது.

"செண்பகா! பாதியிலே நின்னுடுச்சுடி!" என்று சுவரைத் தட்டினார் அக்கா.

அவள் நிமிர்ந்து பார்த்தாள். விளக்கு பழையபடி மங்கலாக எரிந்தது. இளவழகனின் கழுத்தைத் தொட்டாள், வியர்த்துக் குளிர்ந்திருந்தது.

"நிக்கட்டும் அக்கா, நல்லா நிக்கட்டும்!" என்று அழுகையும் சிரிப்புமாகக் கத்தினாள்.

இளவழகன் கண் திறந்தான். "எதுக்குடி கத்துறே? பசிக்குது."

"கேட்டுச்சு தம்பி!" என்றது சுவருக்கு அந்தப் பக்கத்துக் குரல். "அம்மியிலே அரைச்சாவது கொண்டு வர்றேன்!"