பன்னிரண்டாவது படம்

“எழும்பாதை பிள்ளை, பேர்கள் ஓடி முடியட்டும்.” குகதாசன் மகளின் கையைப் பிடித்து இருத்தினார்.

“அப்பா, படம் முடிஞ்சுது. இந்த ரெயினை விட்டா ஹொல்ம்லியாவுக்கு வீட்டை போக அரை மணித்தியாலம் காத்து நிக்கவேணும்,” என்றாள் அபிஷா.

“ரெண்டு மணித்தியாலம் ஒரு சொல்லும் விளங்காமல் இருந்தனான். எனக்கு இப்பத்தான் படம் தொடங்குது.”

அது பிரெஞ்சுப் படம். கதையும் வசனமும் அவருடைய தம்பி நகுலேசன். பாரிசில் உணவகமொன்றில் கோப்பை கழுவிக்கொண்டே எழுதியவன். முன்பு பதினொரு படங்களுக்கு எழுதிக் கொடுத்தான், ஒன்றிலும் அவன் பெயர் வரவில்லை.

மாசியில் தொலைபேசியில் துள்ளினான். “அண்ணை, இந்தமுறை என்ரை பேரைப் போடுவினம். கட்டாயம் பார்!” பங்குனியில் மாரடைப்பு. படம் ஒஸ்லோவுக்கு வந்தபோது அவன் இல்லை.

திரையில் பெயர்கள் ஏறத் தொடங்கின. குகதாசன் இந்த ரோமன் எழுத்துகளைப் படித்ததே நாற்பது வயதுக்குப் பிறகு, துப்புரவு வேலை முடிந்தபின் போன நோர்வே மொழி வகுப்பில். அவர் எழுத்துக்கூட்டி முடிக்குமுன் பெயர் மேலே போய்விடும்.

“நீ பார்த்துச் சொல்லு. அவன்ரை பேரை ஒருக்காக் கண்டால் எனக்குக் காணும்.”

“இப்ப நடிகர்மார்தான் போகினம். சித்தப்பா மட்டும் ஏன் பாரிசுக்குப் போனவர்?”

“முதல்லை நான்தான் வெளிக்கிட இருந்தனான். ஆமி அவனைத் தேடத் தொடங்கினவுடனை, என்ரை அப்பா என்னை மறிச்சுப்போட்டு அவனை ஏத்திவிட்டார். நான் ரெண்டு வருசம் கழிச்சுத்தான் நோர்வேக்கு, ஹம்மர்பெஸ்டிலை மீன் வெட்ட வந்தனான்.”

அபிஷா சிரித்தாள். “அப்பா, நாய்க்கும் பேர் போட்டிருக்கினம்!”

“நாய்க்குப் போட்டவை அவனுக்குப் போடாமலோ விடுவினம்? வடிவாப் பார்.”

“இந்தா வருது! கதை, வசனம்!”

அவர் முன்னுக்குச் சாய்ந்தார். அந்தப் பெயரை மட்டும் எழுத்துக்கூட்ட வேண்டியிருக்கவில்லை. மெதுவாகப் பின்னுக்குச் சரிந்து, இரண்டு கைகளாலும் முகத்தை மூடிக்கொண்டார்.

“என்னப்பா இது? குகதாசன் எண்டு உங்கடை பேரைப் போட்டிருக்கினம்! சித்தப்பான்ரை பேர் ஒரு இடமும் இல்லை. பிழை விட்டிட்டினம். நான் இப்பவே மெயில் போடுறன்.”

அவர் முகத்திலிருந்து கையை எடுக்கவில்லை.

“வேண்டாம் பிள்ளை. அவன் என்ரை பாஸ்போட்டிலைதான் போனவன்.”