கையெழுத்து மட்டும்

"அண்ணி, மாஜிஸ்திரேட் என்ன கேட்டாலும் 'ஆமாங்கய்யா'ன்னு மட்டும் சொல்லுங்க. மத்ததை வக்கீல் பாத்துக்குவாரு."

நீதிமன்ற வராந்தாவில் கொழுந்தன் மூன்றாவது முறையாகச் சொன்னான். பள்ளி பஸ் ஓட்டும் வேலைக்கு அரை நாள் லீவு போட்டுவிட்டு வந்திருந்த அவள் சும்மா தலையாட்டினாள்.

ஆற்று மணலோடு பிடிபட்ட இரண்டு லாரிகளும் நாற்பது நாளாகக் காவல் நிலையத்துக்குப் பின்னால் மழையில் நனைந்துகொண்டிருந்தன. ஓட்டிப் போன கொழுந்தனும் அவன் கூட்டாளியும் ஜாமீனில் வெளியே வந்துவிட்டார்கள். வண்டிகள் வெளியே வர வேண்டுமானால் ஆர்.சி. புத்தகத்தில் பெயர் உள்ளவர் வந்து மனு போட வேண்டும். அண்ணன் இறந்த சில மாதங்களில் பெயர் அண்ணிக்கு மாறிவிட்டது. வண்டிகள் மட்டும் பிடிபடும்வரை கொழுந்தன் வீட்டு வாசலில்தான் நின்றுகொண்டிருந்தன.

"எனக்குப் பயமெல்லாம் இல்ல தம்பி. கேட்டா பதில் சொல்லிட்டுப் போறேன்."

"அதான் வேணாங்கறேன். நீங்க ஒண்ணு சொல்லப் போய் ஏடாகூடமாயிடும். கையெழுத்து மட்டும் போடுங்க, போதும்."

உள்ளே அழைத்தார்கள்.

மாஜிஸ்திரேட் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். "உங்க வண்டியில மணல் ஏத்தியிருக்காங்க. உங்களைக் கேட்டா ஏத்தினாங்க?"

"இல்லைங்கய்யா. கேட்டிருந்தா விட்டிருக்க மாட்டேன்."

அரசு வக்கீல் எழுந்தார். "இப்ப விட்டா வண்டி நேரா மறுபடியும் ஆத்துக்குத்தான் போகும்."

"போகாதுங்கய்யா. நான் எழுதித் தர்றேன்." தன் வக்கீல் வாய் திறப்பதற்குள் அவளே சொல்லிவிட்டாள்.

கொழுந்தன் முதலில் பதறி வக்கீலின் கோட்டைப் பிடித்து இழுத்தான். மாஜிஸ்திரேட் பேனாவை எடுத்ததும் முகம் மலர்ந்தது. "அண்ணி பின்னிட்டாங்க சார்" என்று வக்கீலின் காதில் கிசுகிசுத்தான்.

வண்டிகள் உரிமையாளரின் பொறுப்பிலேயே இருக்க வேண்டும்; மணல் வழக்கில் பிடிபட்டவர்கள் கையில் கொடுக்கக் கூடாது; கூப்பிடும்போது கொண்டு வந்து காட்ட வேண்டும் என்றது உத்தரவு. அவள் ஒவ்வொரு வரியையும் விரல் வைத்துப் படித்துவிட்டுக் கையெழுத்துப் போட்டாள்.

"எல்லாம் ஒரு பேச்சுக்கு எழுதுறதுதான் அண்ணி" என்று கொழுந்தன் அவசரப்படுத்தினான்.

காவல் நிலையத்துக்குப் பின்னால் டயர்களைச் சுற்றிப் புல் முளைத்திருந்தது. ஆனால் இரண்டு லாரிகளும் உறுமிக்கொண்டிருந்தன. ஒரு மெக்கானிக் பழைய பேட்டரிகளை ஓரமாக வைத்துவிட்டுக் கையைத் துடைத்துக்கொண்டிருந்தான்.

"நான்தான் வரச் சொன்னேன்" என்றாள் அவள். "நாப்பது நாள் நின்ன வண்டி, தானா கிளம்புமா?"

என்ஜின்களை நிறுத்திவிட்டு ஏட்டு சாவிகளுடன் இறங்கி வந்தார். கொழுந்தன் கையை நீட்டினான்.

"உங்க கையில தர முடியாது. ஆர்டர்ல பேர் இருக்கிறவங்களுக்குத்தான்."

"அண்ணி கையில குடுத்தா என் கையில குடுத்த மாதிரிதான் ஏட்டய்யா. குடுங்க."

அவள் இரண்டு சாவிகளையும் வாங்கினாள். ஒன்றை, அவள் சொல்லி அங்கே வந்து காத்திருந்த, தன்னோடு பள்ளி பஸ் ஓட்டும் நரைத்த தலைக்காரரிடம் கொடுத்தாள். அவர் மறுபேச்சில்லாமல் போய் முதல் லாரியில் ஏறினார். மற்றதை இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"அண்ணி, என்ன விளையாட்டு இது?"

"உத்தரவை நீயும்தானே கேட்ட தம்பி. உன் கையில குடுத்தா நான் உள்ள போகணும்."

"பஸ் ஓட்டுறதும் லாரி ஓட்டுறதும் ஒண்ணா?"

"இல்லைதான். பஸ்ல பிள்ளைங்க எந்திரிச்சு நின்னு ஆட்டம் போடும். நான் ஏத்தப்போற செங்கல் சொன்ன இடத்துல கிடக்கும்."

கொழுந்தன் ஏட்டைப் பார்த்தான். ஏட்டு அவனையே பார்த்துக்கொண்டிருந்தார். போலீஸ் முன்னால் குரலை உயர்த்தவும் முடியவில்லை. வக்கீலுக்கு போன் போட்டபடி விறுவிறுவென்று வாசலைத் தாண்டிப் போனான்.

ஏட்டு பதிவேட்டைப் பிரித்து நீட்டினார். அவன் போன திசையைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"ஒண்ணு கேக்கணும்மா. வண்டி பிடிபட்ட அன்னிக்கு ஒரு அம்மா போன் பண்ணாங்க. ரெண்டு வண்டி நம்பர், எந்தப் பாலத்துக்குக் கீழ ஏத்துறாங்க, எல்லாம் கடகடன்னு ஒப்பிச்சாங்க. அந்தக் குரலும் உங்க குரலும்..."

அவள் நிதானமாகக் கையெழுத்துப் போட்டுவிட்டுப் பேனாவை மூடினாள்.

"ரெண்டு வருஷமா கேட்டும் அவன் என் வண்டியைத் தரலைங்கய்யா. நீங்க பிடிச்சா என் கையிலதான் குடுத்தாகணும்னு தெரிஞ்ச அன்னிக்குத்தான் போன் பண்ணேன்."