குண்டு துளைக்காத உடம்பு

சீனக் கிராமத்துக் கோயில் வாசலில் ஊரே கூடியிருக்க, குரு தன் சீடன் பாவ்ஷனின் மார்புக்கு நேரே துப்பாக்கியை நீட்டிச் சுட்டார். புகை விலகியபோது ஒரு கீறல்கூட இல்லாமல் அவன் சிரித்தபடி நின்றான்.

"பாத்தியாடி! இனி வெள்ளைக்காரன் குண்டு என்னை என்ன பண்ணும்?"

"போகாதீங்க," என்று அவன் காலைப் பிடித்தாள் மனைவி ஷியூ.

"சாமி காப்பாத்தினதைக் கண்ணால பாத்துட்டும் அழறியே, பைத்தியம்!"

அவள் ஏதோ சொல்ல வாயெடுத்தாள். குருவின் இடுப்பிலிருந்த வாளைப் பார்த்ததும் மென்று விழுங்கினாள். குருவின் சிவப்புத் தலைப்பாகைச் சீடர் கூட்டம் அவனைத் தோளில் தூக்கிக்கொண்டு, வெள்ளைக்காரர்களோடு சண்டையிட டியன்ஜின் நகருக்குப் புறப்பட்டது.

பத்தாம் நாள் அவர்களில் ஒருவன் மட்டும் திரும்பி வந்தான்.

"அண்ணி, சட்டையைக் கழட்டிப் போட்டுட்டு அண்ணன்தான் வெள்ளைக்காரன் துப்பாக்கிக்கு நேரா முதல் ஆளா ஓடினார். முதல் குண்டும் அவருக்குத்தான்."

ஷியூ தலையில் அடித்துக்கொண்டாள்.

"சோதனையில செத்துடக் கூடாதேன்னு, குரு துப்பாக்கியில இருந்த குண்டைத் திருட்டுத்தனமா உருவினதே நான்தான்யா!"