பன்னிரண்டு கிலோ கேமரா

ஸோம்பா கடைத்தெருவில் பதினெட்டு வருஷமாக கேமரா சாமான் விற்கும் கச்சாலேவுக்கு அன்று காலையிலேயே பொறுமை போய்விட்டது. நாலு டிரைபாடைப் பிரித்து நிறுத்திக் காட்டியும் வாங்க வந்த பெண்ணுக்குத் திருப்தியில்லை.

"அண்ணே, காத்துல சாயாதுல்ல?"

"சாயாது தங்கச்சி. முலாஞ்சே மலைக்குப் படமெடுக்கப் போறவங்க எல்லாம் இதைத்தான் வாங்கறாங்க."

"மடக்கி சைக்கிள் கேரியர்ல கட்டலாமா?"

"தாராளமா."

"நடுவுல இருக்கிற இந்தக் கொக்கி பன்னெண்டு கிலோ தாங்குமா?"

"பன்னெண்டு கிலோவா! எந்த ஊர்ல இருக்கு அப்படி ஒரு கேமரா?"

அவள், மத்தியானக் களி கிண்ட அவர் வாங்கி வைத்திருந்த கரி மூட்டையைத் தூக்கிக் கொக்கியில் மாட்டினாள்.

கச்சாலேவுக்கு ரத்தம் கொதித்தது. "என்ன விளையாடறியா? உங்கிட்ட கேமரா இருக்கா, இல்லையா?"

"இல்ல." பையிலிருந்து ஒரு தொங்கு தராசை எடுத்து மேஜையில் வைத்தாள். "நான் நர்ஸ். ஊர் ஊராப் போய்க் குழந்தைங்களுக்கு எடை பார்க்கறேன். இத்தனை வருஷமா தராசை மாமரக் கிளையிலதான் மாட்டினோம். போன மாசம் மரத்தை வெட்டிட்டாங்க. ஆபீசுல கேட்டா, 'வேற மரம் பாரு'ங்கறாங்க. எங்கண்ணே இருக்கு வேற மரம்?"

"அட அநியாயமே! பச்சைப் புள்ளைங்க மரத்தையா வெட்டினானுங்க? எதுக்கு?"

அவள், கொக்கியில் ஆடிக்கொண்டிருந்த அவருடைய கரி மூட்டையைக் கைகாட்டினாள்.